கூட்டத்தை யார் வரைவது?

ஒரு நகரமே வெடித்துச் சிதறும் காட்சிக்குச் செலவு அதிகமா, நூறு பேர் கோஷம் போட்டபடி தெருவில் போகும் காட்சிக்கு அதிகமா? நடிகர்களை வைத்துப் படமெடுப்பவரைக் கேட்டால் யோசிக்காமல் வெடிப்பைச் சொல்வார். நூறு துணை நடிகர்களை வேனில் ஏற்றி வந்து, மதியச் சாப்பாடு போட்டு, ஆளுக்கொரு கொடியைக் கையில் கொடுத்தால் ஊர்வலம் தயார். கையால் வரைந்து படமெடுப்பவரின் பதில் நேர்மாறாக இருக்கும். வெடிப்பு அவருக்கு ஒரு வெள்ளை வட்டம், கொஞ்சம் புகை, கொஞ்சம் ஒளி. ஊர்வலமோ நூறு பேர். அந்த நூறு பேரையும் யாராவது வரைந்தாக வேண்டும்.

கணக்குப் போட்டுப் பார்க்கலாம். திரையில் விநாடிக்கு 24 சட்டகங்கள் ஓடுகின்றன. ஒரு சித்திரத்தை இரண்டு சட்டகங்களுக்கு நிறுத்திவைத்தாலும் விநாடிக்கு 12 சித்திரங்கள் வேண்டும். நூறு பேர் என்றால் விநாடிக்கு 1,200 உருவங்கள். பத்து விநாடிக்கு 12,000. பென்சிலில் வரைந்ததை ஒளி ஊடுருவும் 'செல்' தாளுக்கு மாற்றி, தாளின் பின்பக்கத்தில் கோடு தாண்டாமல் வண்ணம் பூசி, காயவைத்து, பின்னணி ஓவியத்தின் மேல் அடுக்கி, ஒவ்வொன்றாகக் கேமராவில் பதிய வேண்டும். இவ்வளவும் முடிந்து திரைக்கு வந்தால், நாம் ஒரு கை பாப்கார்னை எடுத்து வாயில் போடுவதற்குள் ஊர்வலம் கடந்து போயிருக்கும்.

அதனால் அனிமேஷன்காரர்கள் எல்லா நாட்டிலும் சில தந்திரங்களை வைத்திருக்கிறார்கள். முன்வரிசையில் நாலு பேர் மட்டும் கையை ஆட்டுவார்கள்; பின்னால் நிற்பவர்கள் சுவரில் தீட்டியவர்களைப் போல உறைந்திருப்பார்கள். இல்லாவிட்டால் மூன்றே பேரின் நடையை வரைந்து, சட்டை நிறத்தை மாற்றி, திரும்பத் திரும்ப ஓட விடுவார்கள். மற்ற விஷயங்களில் கண்ணை இப்படி ஏமாற்றிவிடலாம். மனித நடையில் முடியாது. 1973-ல் ஸ்வீடனின் உப்சாலா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த உளவியலாளர் குன்னர் யோஹான்சன் ஒரு சோதனையின் முடிவுகளை வெளியிட்டார். இருட்டில் ஒரு மனிதரின் தோள், முழங்கை, மணிக்கட்டு, இடுப்பு, முழங்கால், கணுக்கால் ஆகிய மூட்டுகள் மட்டும் ஒளிப்புள்ளிகளாகத் தெரியும். அவர் அசையாமல் இருந்தவரை பார்த்தவர்களுக்கு அது வெறும் புள்ளிச் சிதறல். நடக்கத் தொடங்கியதும், ஒரு விநாடிகூட ஆகாமல், அது மனிதர் என்று கண்டுகொண்டார்கள். முகமும் இல்லை, உடலும் இல்லை. பத்துப் பன்னிரண்டு புள்ளிகள்தான். சக மனிதரின் அசைவைப் பிடிப்பதில் நம் மூளை அவ்வளவு கூர்மையானது. நூறு பேர் ஒரே மாதிரி நடந்தால் எங்கே தவறு என்று சொல்லத் தெரியாவிட்டாலும் அது கூட்டமில்லை, பொம்மை வரிசை என்று அதற்குத் தெரிந்துவிடும்.

இத்தனை சிரமமும் தெரிந்தே ஜப்பானிய அனிமேஷனின் முக்கியக் கலைஞர்கள் சிலர், நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக, கூட்டத்தை வரைந்துகொண்டே இருந்திருக்கிறார்கள். திருவிழாக் கூட்டமல்ல, கலகக் கூட்டம். வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு ஜப்பான் வரிசை கலையாத, குரல் உயர்த்தாத நாடு. அதன் அனிமேஷன் படங்களிலோ கல்லெறியும் மாணவர்கள், கேடயம் தாங்கிய கலவரத் தடுப்புப் போலீஸ், ஆட்சிக் கவிழ்ப்பு, எரியும் தலைநகர். இது வெறும் கற்பனை வேட்கையல்ல என்பது என் கருத்து. வரைந்தவர்கள் அதைப் பார்த்தவர்கள். சிலர் அதற்குள்ளேயே இருந்தவர்கள்.

1960-ல் அமெரிக்காவுடனான பாதுகாப்பு ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கப் பிரதமர் நொபுசுகே கிஷி முனைந்தபோது லட்சக்கணக்கானோர் டோக்கியோ தெருக்களில் இறங்கினார்கள். மாணவர்கள் கையோடு கை கோத்து, பாம்பு போல வளைந்து வளைந்து ஓடும் ஊர்வல முறை அப்போது பிரபலம். ஜூன் 15 அன்று நாடாளுமன்ற வளாகத்தில் நடந்த மோதலில் டோக்கியோ பல்கலைக்கழக மாணவி மிச்சிகோ கன்பா இறந்தார். அமெரிக்க அதிபர் ஐசன்ஹோவரின் வருகை ரத்தானது. ஒப்பந்தம் நிறைவேறியது, கிஷி பதவி விலகினார். அடுத்த அலை 1968-69-ல் வந்தது. பல்கலைக்கழகங்களை மாணவர்கள் கைப்பற்றி அடைத்துக்கொண்டார்கள். 1969 ஜனவரியில் டோக்கியோ பல்கலைக்கழகத்தின் யசுதா அரங்கத்தை மீட்க ஆயிரக்கணக்கான போலீசார், நீர்ப்பீரங்கி, கண்ணீர்ப்புகை என்று இரண்டு நாள் போராட்டம். நரிதாவில் விமான நிலையத்துக்காக நிலத்தை இழந்த விவசாயிகளோடு மாணவர்கள் சேர்ந்து பல ஆண்டுகள் மோதினார்கள். 1978 மார்ச்சில், திறப்பு விழாவுக்குச் சில நாட்கள் இருக்கும்போது, கட்டுப்பாட்டுக் கோபுரத்துக்குள் புகுந்து கருவிகளை உடைத்துவிட்டார்கள். விழா மே மாதத்துக்குத் தள்ளிப்போனது.

அனிமேஷன் கூடங்களுக்கு இதெல்லாம் வெளியுலகச் செய்தியாக இருக்கவில்லை. ஜப்பானின் முதல் வண்ண முழுநீள அனிமேஷன் படத்தை 1958-ல் தயாரித்த தோயி டோகா நிறுவனத்தில் தொழிற்சங்கம் இருந்தது, வேலைநிறுத்தம் நடந்தது, கதவடைப்பும் நடந்தது. 1963-ல் அங்கே இடைச்சித்திரம், அதாவது ஒரு அசைவின் முக்கியச் சித்திரங்களுக்கு நடுவே வருபவற்றை, வரையும் வேலைக்குச் சேர்ந்த ஒரு இளைஞர் மறு ஆண்டே சங்கச் செயலாளர் ஆனார். பெயர் ஹயாவோ மியாசாகி. துணைத் தலைவர் இஸாவோ தகஹாட்டா. பிற்காலத்தில் ஜிப்லி கூடத்தை நிறுவிய அதே இருவர்தான். சங்க அறையில் பழகிய இவர்கள், மூத்த கலைஞர் யாசுவோ ஓட்சுகாவோடு சேர்ந்து உருவாக்கிய படம் 'ஹோருஸ்: சூரியனின் இளவரசன்'. தகஹாட்டா இயக்கிய முதல் திரைப்படம் இது. 1965-ல் தொடங்கி, கெடு மேல் கெடு தாண்டி, நிர்வாகத்தோடு மல்லுக்கட்டி, 1968 ஜூலையில் வெளிவந்தது.

குழந்தைகள் படம் என்றுதான் பெயர். பனி அரக்கன் ஒருவன் ஒரு மீனவக் கிராமத்தை அழிக்கப் பார்க்கிறான். சிறுவன் ஹோருஸ் எதிர்க்கிறான். ஆனால் வழக்கமான வீரக்கதையில் நாயகன் தனியாக ஜெயிப்பான். இதில் தனியாக அவனால் முடியாது. கிராமமே சந்தேகத்தில் பிளவுபட்டுப் பிறகு ஒன்றுசேர்ந்து, எல்லோருமாக மூட்டிய தீயில்தான் ஹோருஸின் சூரிய வாள் மறுபடி உருவாகிறது. மீன்பிடிக் காட்சியிலும் திருமணக் காட்சியிலும் கிராமத்தார் ஒவ்வொருவரும் தனித்தனி ஆளாக அசைகிறார்கள். அதே படத்தில் ஓநாய்கள் கிராமத்தைத் தாக்கும் இடத்திலும், எலிகள் படையெடுக்கும் இடத்திலும் அசைவு திடீரென்று நின்றுவிடும். அசையாத ஓவியங்களின் மேல் கேமரா மட்டும் நகரும். கலை நுட்பம் என்று யாராவது விளக்கினால் நம்பாதீர்கள். பணமும் கெடுவும் தீர்ந்துவிட்டன, அவ்வளவுதான். மக்கள் கூட்டம்தான் நாயகன் என்று முடிவு செய்த படத்தில், அந்தக் கூட்டத்தை முழுவதும் வரைய முதலாளி காசு தரவில்லை. படம் வசூலிலும் தோற்றது. தோயியில் தகஹாட்டாவுக்கு இன்னொரு திரைப்படத்தை இயக்கும் வாய்ப்பு வரவேயில்லை. 1971-ல் அவரும் மியாசாகியும் வெளியேறினார்கள்.

இடையில் தொலைக்காட்சி வந்து எல்லாக் கணக்கையும் மாற்றியிருந்தது. ஒசாமு தெசூகா 1963 ஜனவரி 1 முதல் வாராவாரம் 'ஆஸ்ட்ரோ பாய்' கொடுத்தார். ஒரு சித்திரத்தை மூன்று சட்டகங்களுக்கு நிறுத்துவது, உடலை அசைக்காமல் வாயை மட்டும் அசைப்பது, போன வாரத்துச் சித்திரங்களை மறுபடி எடுப்பது என்று சிக்கனம் ஒரு பாணியாகவே நிலைத்தது. அந்தப் பாணியில் கூட்டத்துக்கு இடமில்லை.

வெளியே அரசியலும் குரூரமாக முடிந்தது. 1972 பிப்ரவரியில் ஐக்கிய செம்படை என்ற மாணவர் குழுவில் ஐந்து பேர் மலைவாசத்தலமொன்றில் பணயக் கைதியோடு பதுங்கினார்கள். பத்தாவது நாள் போலீஸ் உள்ளே புகுந்ததை நேரலையில் 89.7 சதவீதத்தினர் பார்த்ததாகக் கணக்கு. பிறகுதான் இன்னொன்று தெரியவந்தது: மலை முகாம்களில் 'சுயவிமர்சனம்' என்ற பெயரில் தங்கள் தோழர்களில் 12 பேரை அவர்களே கொன்றிருந்தார்கள். இடதுசாரி இளைஞர்கள்மேல் மிச்சமிருந்த அனுதாபம் அன்றோடு கரைந்தது.

கட்ஸுஹிரோ ஒடோமோ மியாகி மாகாணத்திலிருந்து டோக்கியோவுக்குப் பிழைக்க வந்தது இதற்கு அடுத்த ஆண்டு. ஆர்ப்பாட்டங்களின் மிச்சம், மோட்டார் சைக்கிள் கும்பல்கள், வீடில்லாத இளைஞர்கள் என்று தான் அப்போது கண்ட டோக்கியோவையே பின்னாளில் 'அகிரா'வில் வைத்ததாகப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 1982 டிசம்பரில் தொடங்கிய சித்திரக்கதை 1990 வரை நீண்டு இரண்டாயிரம் பக்கங்களைத் தாண்டியது. அது முடியும் முன்பே, 1988 ஜூலை 16-ல், அவரே இயக்கிய படம் வெளியானது. படத்தின் முதல் காட்சியில் டோக்கியோ அழியும் தேதியும் அதேதான். கதை அங்கிருந்து 2019-க்குத் தாவுகிறது.

செலவழிக்கப் பணம் எங்கிருந்து வந்தது என்பது தனி வேடிக்கை. ஜப்பானின் பங்குச்சந்தையும் நிலவிலையும் வானத்தைத் தொட்டுக்கொண்டிருந்த காலம். கோடான்ஷா பதிப்பகம், டோஹோ சினிமா நிறுவனம், பன்டாய் பொம்மை நிறுவனம், ஹகுஹோடோ விளம்பர நிறுவனம், சுமிடோமோ வணிக நிறுவனம் எல்லாம் கூட்டாகப் பணம் போட்டன. முதலாளித்துவம் இடிந்து விழும் கதைக்கு முதலாளிகள் தாராளமாகச் செலவழித்தார்கள். 124 நிமிடப் படத்துக்கு சுமார் 1,60,000 செல் தாள்கள். 327 நிறங்கள், அவற்றில் 50 இந்தப் படத்துக்கென்றே கலக்கப்பட்டவை. ஜப்பானில் வழக்கமாக முதலில் படத்தை வரைந்து பிறகு குரல் பதிவார்கள். இங்கே குரலை முதலில் பதிந்து, ஒவ்வொரு உயிரெழுத்துக்கும் வாய் எப்படிக் குவிகிறது, விரிகிறது என்று பார்த்து உதடுகளை வரைந்தார்கள்.

அந்தப் பணத்தின் பெரும் பங்கு இரவுக்கும் கூட்டத்துக்கும் போனது. படம் தொடங்கிச் சில நிமிடங்களில் ஒரு தெருக் கலவரம் வரும். வரிச் சீர்திருத்தத்தால் வேலையிழந்தவர்கள், மாணவர்கள், அவர்களை நெருக்கித் தள்ளும் போலீஸ், கண்ணீர்ப்புகை, நடுவில் மோட்டார் சைக்கிள்கள். கதைக்கு அப்போது தேவைப்படுவது ஒரு சிறுவனும் அவனை இழுத்துக்கொண்டு ஓடும் ஒரு மனிதரும்தான். ஆனாலும் பின்வரிசையில் ஒருவன் தடுக்கி விழுகிறான், இன்னொருவன் திரும்பிப் பார்க்கிறான், வேறொருவன் எதையோ எறியக் கையை ஓங்குகிறான். யோஹான்சனின் புள்ளிகளை வைத்துச் சோதித்தாலும் தேறும் கூட்டம் இது. மோட்டார் சைக்கிள்களின் பின்விளக்குகள் இருட்டில் இழுத்துக்கொண்டு போகும் செந்நிறக் கோடுகள் வண்ணப்பூச்சு அல்ல. கறுப்புத் தாளில் கோட்டின் வடிவில் ஒரு திறப்பு வெட்டி, அடியிலிருந்து விளக்கைப் பாய்ச்சி, முன்பே படமெடுத்த அதே பிலிமை மறுபடி ஓட்டி அந்த ஒளியை நேரடியாகப் பதிந்தார்கள். வண்ணம் ஒளியைத் திருப்பி அனுப்பத்தான் முடியும். இங்கே விளக்கொளியே பிலிமில் ஏறுகிறது. அதனால்தான் இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் அந்த விளக்குகள் கண்ணைக் கூசவைக்கின்றன.

படத்தின் அரசியலைப் பற்றி ஒரு செய்தி இணையத்தில் சுற்றிக்கொண்டே இருக்கும். நகரத்தில் 2020 ஒலிம்பிக்குக்கு இன்னும் 147 நாள் என்று ஒரு பலகை. அதன் அடியில் அதை நிறுத்தச் சொல்லும் கிறுக்கல். நிஜ டோக்கியோ ஒலிம்பிக்குக்கு 147 நாள் இருந்தபோது, 2020 பிப்ரவரி 28-ல், கொரோனா பரவிக்கொண்டிருந்தது. அடுத்த மாதமே போட்டி தள்ளிவைக்கப்பட்டது. தீர்க்கதரிசனம் என்று எல்லோரும் வியந்தார்கள். எனக்கு அது சுவையான தற்செயல், அதற்கு மேல் ஒன்றுமில்லை. ஒடோமோ கூர்ந்து பார்த்தது எதிர்காலத்தை அல்ல, கோபம் கொண்ட கூட்டத்தை. வேலையும் நம்பிக்கையும் இழந்தவர்கள் 'அகிரா' என்ற பெயரை மட்டும் கேட்டுவிட்டு, அழிவுச் சக்தி பெற்ற டெட்சுவோ என்ற தொழிற்பள்ளிப் பையனை மீட்பனென்று நம்பி அவன் பின்னால் நடக்கிறார்கள். அவனுக்கு இவர்களைத் தெரியாது, இவர்களைப் பற்றிய அக்கறையும் இல்லை. அவனுக்கும் ராணுவத்துக்கும் நடுவே பாலத்தில் மாட்டி மடிகிறார்கள். மேலே கர்னல் ஒருவர் ஆட்சியைக் கைப்பற்றுகிறார். எதிர்க்குழுவை இயக்கிய அரசியல்வாதி பணப்பெட்டியோடு தப்ப ஓடுகிறார். 1972-க்குப் பிறகு வளர்ந்த ஒருவரால்தான் இந்தக் கசப்பை இப்படி வரைய முடியும்.

மமொரு ஓஷி வேறு வழியில் போனவர். 1951-ல் டோக்கியோவில் பிறந்து, பள்ளி நாட்களில் மாணவர் இயக்கத்தில் சுற்றியவர். 1993-ல் வெளிவந்த அவருடைய 'பேட்லேபர் 2' ஒரு ராணுவச் சதியைப் பற்றியது. அதற்கு முந்தைய ஆண்டுதான் ஜப்பான் தன் தற்காப்புப் படையினரை ஐநா அமைதிப் பணிக்காகக் கம்போடியாவுக்கு அனுப்பியிருந்தது. நாடே அதைப் பற்றித் தர்க்கித்தது. படத்தில், தென்கிழக்காசியாவில் திருப்பிச் சுட அனுமதி மறுக்கப்பட்டுத் தன் ஆட்களை இழந்த அதிகாரி ஒருவர், போர் என்றால் என்னவென்று டோக்கியோவுக்குக் காட்ட முடிவு செய்கிறார். யோகோஹாமா பே பாலம் ஏவுகணையில் உடைகிறது. பனி பெய்யும் தெருமுனைகளில் டாங்கிகள் வந்து நிற்கின்றன. 1936 பிப்ரவரியில் பனியில் நடந்த ராணுவக் கலகம் ஜப்பானியப் பார்வையாளருக்கு உடனே நினைவில் தட்டும். இந்தப் படத்தில் கலகக் கூட்டமே இல்லை. மக்கள் டாங்கிகளைத் தாண்டி வேலைக்குப் போகிறார்கள். ஆட்சி கவிழப் போகிறது, ஆனால் ரயிலுக்கு நேரமாகிவிட்டது. கூட்டத்தை வரையாமல் விட்டதாலேயே சுடும் படம் இது. 'அகிரா' அளவுக்கு இது பேசப்படாததில் எனக்கு ஆதங்கம் உண்டு.

அதே ஓஷி எழுதி, ஹிரோயுகி ஒகியுரா இயக்கிய 'ஜின்ரோ' 2000-ல் ஜப்பானில் திரைக்கு வந்தது. ஒகியுரா 'அகிரா'வில் சித்திரம் வரைந்தவர். போரில் ஜெர்மனியிடம் தோற்ற ஒரு கற்பனை ஜப்பானில் கதை நடந்தாலும், தொடக்கக் கலவரத்தைப் பார்த்தால் 1960-ன் டோக்கியோ அப்படியே எழுந்து வரும். இங்கே ஒடோமோவின் வேகம் இல்லை, எடை இருக்கிறது. பெட்ரோல் குண்டை வீசுபவன் முதலில் பின்காலில் சாய்கிறான், பிறகுதான் கை சுழல்கிறது. கேடய வரிசை தள்ளப்படும்போது ஒரே நேரத்தில் நகர்வதில்லை. நடுவில் அழுந்தி, ஓரத்துக்குப் பரவுகிறது. உடல்கள் ஒன்றையொன்று தள்ளும்போது விசை எப்படிக் கைமாறுகிறது என்பதை இயற்பியல் வகுப்பில்கூட இவ்வளவு தெளிவாகப் பார்க்க முடியாது. பிறகு, வெடிகுண்டுப் பையோடு சாக்கடைச் சுரங்கத்தில் ஓடும் ஒரு சிறுமி. அவளைச் சுட வேண்டிய போலீஸ்காரன் சுடத் தயங்குகிறான். மீதிப் படம் அந்தத் தயக்கத்துக்கு அவன் கொடுக்கும் விலை.

இதுவரை சொன்ன படங்களில் கலகமோ கூட்டமோ வெற்றி பெறுவது ஒன்றில் மட்டும்தான். அது 1968-ல், சங்கக்காரர்கள் எடுத்த குழந்தைகள் படம். மற்றவற்றில் கூட்டம் ஏமாற்றப்படுகிறது, அல்லது வராமலே இருக்கிறது, அல்லது காட்டிக்கொடுக்கப்படுகிறது.

'ஜின்ரோ' வந்த சமயத்திலேயே செல் தாளின் காலம் முடிந்துகொண்டிருந்தது. கணினியில் வண்ணம், கணினியில் அடுக்குதல். (செல் தாளை 2013 வரை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது 'சசாயே சான்' என்ற, அரசியல் வாடையே இல்லாத குடும்பத் தொடர்.) அதிருப்தியின் முகமும் மாறியது. பொருளாதாரக் குமிழி உடைந்த பிறகு நிரந்தர வேலை கிடைக்காத ஒரு தலைமுறை வளர்ந்தது. கென்ஜி கமியாமாவின் 'ஈடன் ஆஃப் த ஈஸ்ட்' என்ற 2009 தொடரில் 12 பேருக்கு ஆளுக்கு 1,000 கோடி யென்னும் ஒரு செல்பேசியும் கொடுத்து, ஜப்பானைக் காப்பாற்றச் சொல்கிறார் ஒரு முகம் தெரியாத கிழவர். படிப்பும் வேலையும் இல்லாத 20,000 இளைஞர்கள் அதில் ஒரு கூட்டமாக வருகிறார்கள். கையில் கல் இல்லை, செல்பேசி இருக்கிறது. கணினியில் இன்று 20,000 பேரை நிரப்புவது முன்போலப் பெரிய பாடு அல்ல. நடையை மாற்றி மாற்றிக் கொடுக்க மென்பொருளும் இருக்கிறது. ஆனால் முன்வரிசையில் நிற்பவர்களை இன்னமும் கையால்தான் வரைகிறார்கள்.

அந்தக் கைகளுக்கு என்ன கிடைக்கிறது? ஜப்பான் அனிமேஷன் கலைஞர்கள் சங்கம் 2015-ல் வெளியிட்ட ஆய்வின்படி, இடைச்சித்திரம் வரைபவர் ஒருவரின் சராசரி ஆண்டு வருமானம் சுமார் 11 லட்சம் யென். டோக்கியோவில் வாடகைக்கும் சாப்பாட்டுக்குமே திணறும் தொகை இது. மியாசாகி 1963-ல் சேர்ந்த அதே வேலை. 2024-ல் ஐநா மனித உரிமை மன்றத்தின் பணிக்குழு ஜப்பானைப் பற்றித் தந்த அறிக்கையில், குறைந்த கூலியும் மிகை உழைப்பும் உள்ள துறைகளில் ஒன்றாக அனிமேயையும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டது. அடுத்த முறை 'அகிரா'வோ 'ஜின்ரோ'வோ பார்க்கக் கிடைத்தால், கலவரக் காட்சியில் படத்தை நிறுத்தி, நாயகனை விட்டுவிட்டு மூன்றாவது வரிசையில் நிற்பவரை ஒரு முறை பாருங்கள். அவருக்கும் ஒருவர் தனியாகத் தாள் எடுத்திருக்கிறார்.